மக்கள் நலப் பணியாளர்கள்: பணிநீக்கமும் இழந்த ஊதியமும்

மக்கள் நலப் பணியாளர்கள் என்போர் தமிழ்நாட்டின் கிராம ஊராட்சிகளில் மாத மதிப்பூதியத்தின் அடிப்படையில் அமர்த்தப்பட்ட பணியாளர்கள் ஆவர். 1989-இல் தொடங்கப்பட்ட இத்திட்டம் மும்முறை கலைக்கப்பட்டது. பின்னர் இருமுறை உயிர்பெற்றது. மூன்றாம் முறை வேறு பெயரில் திரும்பி வந்தது. பொதுப்பணியில் ஒப்பந்த முறையிலும் தொகுப்பூதியத்திலும் வேலை செய்வோர் பணிநீக்கம் செய்யப்படும்போது அவர்களுக்குச் சட்டம் எதைத் திருப்பித் தருகிறது, எதைத் தருவதில்லை என்பதை விளக்க இவர்களின் வரலாறு ஏற்ற எடுத்துக்காட்டாகும்.

திட்டத்தின் தோற்றம்

1989 ஜனவரியில் மு. கருணாநிதி தலைமையில் திமுக ஆட்சி அமைந்தது. அதே ஆண்டு செப்டம்பர் 2 அன்று, பள்ளிக் கல்வி பெற்று வேலையின்றி இருந்த கிராமப்புற இளைஞர்களுக்கான திட்டமாக மக்கள் நலப் பணியாளர் திட்டம் கொண்டுவரப்பட்டது. மாநிலம் முழுவதும் 25,234 பேர் நியமிக்கப்பட்டனர். ஊராட்சிக்கு ஏறக்குறைய இருவர் என்ற கணக்கு இது. தொடக்கத்தில் மாத மதிப்பூதியம் 200 ரூபாய்.

ஊராட்சியின் அன்றாட வேலைகளில் உதவுவது இவர்களின் பணி. அரசின் நலத்திட்டங்களை மக்களிடம் எடுத்துச் சொல்வது, கணக்கெடுப்புகளுக்கு உதவுவது, குடிநீர், தெருவிளக்கு, சுகாதாரம் பற்றிய குறைகளை ஊராட்சியின் கவனத்துக்குக் கொண்டுவருவது போன்றவை இதில் அடங்கும். வேலை ஊருக்குள்ளேயே இருந்ததால் விவசாயக் கூலியையோ கடற்கரைத் தொழிலையோ முற்றிலும் விடாமல் இதையும் பார்க்க முடிந்தது. அதே காரணத்தால் இது முழுமையான அரசு வேலையாகக் கருதப்படாமலும் போயிற்று.

ஆரோவில் அமைந்துள்ள வானூர் வட்டாரத்தையும் அதற்கு வடக்கே உப்பளங்கள் பரந்துள்ள மரக்காணம் வட்டாரத்தையும் எடுத்துக்கொண்டால் இத்திட்டத்தின் பொருள் எளிதில் விளங்கும். இந்தக் கடலோரத்தில் உப்பு எடுப்பது வெயில் காலத் தொழில். வடகிழக்குப் பருவமழை தொடங்கினால் பாத்திகள் நீரில் மூழ்கி வேலை நின்றுவிடும். இத்தகைய ஊர்களில், தொகை சிறிதானாலும் பன்னிரண்டு மாதமும் வரும் அரசுப் பணம் ஒரு குடும்பத்துக்குப் பிடிமானம். திட்டம் தொடங்கியபோது இப்பகுதி தென்னார்க்காடு மாவட்டத்தில் இருந்தது. 1993-இல் விழுப்புரம் மாவட்டம் உருவானது. ஆகவே இங்கிருந்த பணியாளர் தென்னார்க்காடு மாவட்டத்தில் வேலைக்குச் சேர்ந்து, அங்கேயே நீக்கப்பட்டு, விழுப்புரம் மாவட்டத்தில் மறுபடி சேர்ந்தார். இடையில் மாவட்டத்தின் பெயரே மாறிவிட்டது.

மூன்று பணிநீக்கங்கள்

1991 ஜூன் 24 அன்று ஜெ. ஜெயலலிதா முதலமைச்சரானார். பத்தொன்பது நாட்களில், ஜூலை 13 அன்று, திட்டம் கலைக்கப்பட்டது. 1996-இல் திமுக மீண்டும் ஆட்சிக்கு வந்தது. 1997 பிப்ரவரி 24 அன்று திட்டம் புதுப்பிக்கப்பட்டது.

2001 மே 14 அன்று ஜெயலலிதா மீண்டும் பதவியேற்றார். ஜூன் 1 அன்று இரண்டாம் பணிநீக்கம் நிகழ்ந்தது. 2006 மே 13 அன்று கருணாநிதி முதலமைச்சரானார். ஜூன் 12 அன்று திட்டம் திரும்பியது. 2011 மே மாதத்தில் ஆட்சி மாறியது. அந்த ஆண்டு நவம்பர் 8 அன்று வெளியான அரசாணை, அப்போது பணியில் இருந்த பன்னிரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோரை வீட்டுக்கு அனுப்பியது.

இந்தத் தேதிகளை வரிசைப்படுத்திக் கூட்டினால் ஓர் உண்மை தெரியவரும். 1989 செப்டம்பர் முதல் 2022 ஜூன் முடிய ஏறக்குறைய 33 ஆண்டுகள். அதில் திட்டம் நடைமுறையில் இருந்தது சுமார் பதினொன்றரை ஆண்டுகள் மட்டுமே. மீதமுள்ள 21 ஆண்டுகளுக்கும் மேலான காலம் வேலையில்லாக் காலம். இருபது வயதில் சேர்ந்த ஒருவர் 2022-இல் ஐம்பதைத் தாண்டியிருப்பார். அவர் உழைக்கக்கூடிய வயதின் பெரும்பகுதி அழைப்புக்குக் காத்திருப்பதிலேயே கழிந்திருக்கும்.

நீதிமன்றத்தில்

2011 அரசாணையை எதிர்த்துப் பணியாளர்கள் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினர். திட்டத்தைத் தொடர்வதும் கலைப்பதும் அரசின் கொள்கை முடிவு, இவை நிரந்தரப் பணியிடங்கள் அல்ல என்பது அரசின் நிலைப்பாடு. ஆட்சி மாற்றம் ஒன்றே பணிநீக்கத்துக்குக் காரணம் என்பது பணியாளர்களின் வாதம். 2012 ஜனவரி 23 அன்று நீதிபதி கே. சுகுணா அரசாணையை ரத்து செய்தார். அரசு மேல்முறையீடு செய்தது. 2014 ஆகஸ்ட் 19 அன்று உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு, காலியிடங்களில் இவர்களைப் பணியமர்த்த வேண்டும் என்று உத்தரவிட்டது. அடுத்த மாதமே உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவுக்குத் தடை விதித்தது. வழக்கு ஆண்டுக்கணக்கில் நிலுவையில் நின்றது.

2021-இல் மு.க. ஸ்டாலின் தலைமையில் திமுக அரசு அமைந்தபின், வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே ஒரு மாற்றுத் திட்டம் முன்வைக்கப்பட்டது. 2011 நவம்பர் 8 அன்று பணியில் இருந்தவர்களில் விருப்பமுள்ளோர், மகாத்மா காந்தி தேசிய ஊரக வேலை உறுதித் திட்டத்தின் கீழ் வேலை ஒருங்கிணைப்பாளர்களாகச் சேரலாம். மாத மதிப்பூதியம் 7,500 ரூபாய். இதில் 5,000 ரூபாய் வேலை உறுதித் திட்டப் பணிக்கும், 2,500 ரூபாய் ஊராட்சியின் கூடுதல் பணிகளுக்கும் உரியது. 2022 ஜூன் 7 அன்று அரசாணை வெளியானது; ஜூலை 1 முதல் அது நடைமுறைக்கு வந்தது.

எல்லோரும் இதை ஏற்கவில்லை. பழைய பணியையும் இடைக்கால ஊதியத்தையும் கேட்டு வழக்கைத் தொடர்ந்தோரும் இருந்தனர். 2023 ஏப்ரல் 11 அன்று உச்ச நீதிமன்றம் அரசின் மாற்றுத் திட்டத்தை ஏற்றுத் தீர்ப்பளித்தது. வேலை கிடைத்தது. ஆனால் 2011-க்குப் பிறகு வேலையின்றிக் கழிந்த பத்தரை ஆண்டுகளுக்கான முழு ஊதியம் கிடைக்கவில்லை. வழக்கு நடந்த காலத்தில் இறந்துபோன பணியாளர்களுக்கு இந்த வேலையும் பயன்படவில்லை.

சாலைப் பணியாளர்களின் 41 மாதங்கள்

இதே காலத்தில் தமிழ்நாட்டில் நிகழ்ந்த இன்னொரு பணிநீக்கம் சாலைப் பணியாளர்களுடையது. நெடுஞ்சாலைத் துறையில் சாலையோரப் புதர்களை அகற்றுவது, பள்ளங்களை நிரப்புவது, மழைநீர் வடிகால்களைச் சீர்செய்வது போன்ற வேலைகளுக்காக 1997-இல் ஏறக்குறைய பத்தாயிரம் பேர் நியமிக்கப்பட்டனர். 2002 செப்டம்பரில் அவர்கள் அனைவரும் நீக்கப்பட்டனர். நீண்ட போராட்டங்களுக்குப் பின், 2006 பிப்ரவரியில், நீக்கிய அதே அரசின் காலத்திலேயே, மீண்டும் பணியில் சேர்க்கப்பட்டனர்.

இடைப்பட்ட காலம் 41 மாதங்கள். "41 மாதப் பணிநீக்கக் காலத்தைப் பணிக்காலமாக அறிவிக்க வேண்டும்" என்பது அன்று முதல் சாலைப் பணியாளர் சங்கத்தின் நிலையான கோரிக்கை. வேலை திரும்பக் கிடைத்த பிறகும் இந்தக் கோரிக்கை ஏன் இத்தனை ஆண்டுகள் உயிரோடு இருக்கிறது என்ற கேள்வி எழலாம். விடுபட்ட காலம் பணிக்காலமாகக் கணக்கிடப்படாவிட்டால் ஊதிய உயர்வு தள்ளிப்போகும்; பணிமூப்பு குறையும்; ஓய்வூதியத்துக்குத் தகுதியான காலமும் சுருங்கும். ஆகவே நான்கு ஆண்டுகூட நிறையாத ஓர் இடைவெளியின் இழப்பு ஓய்வுபெற்ற பின்னும் தொடர்கிறது.

இவர்களோடு நிரந்தர ஊழியர்களை ஒப்பிடலாம். 2003 ஜூலையில் வேலைநிறுத்தம் செய்த அரசு ஊழியர்களும் ஆசிரியர்களுமாகச் சுமார் 1.7 லட்சம் பேரைத் தமிழ்நாடு அரசு ஒரே நேரத்தில் நீக்கியது. இந்திய வரலாற்றில் மிகப் பெரிய பணிநீக்கங்களுள் ஒன்று இது. வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. வேலைநிறுத்தம் செய்ய அரசு ஊழியர்களுக்கு உரிமை இல்லை என்று 2003 ஆகஸ்ட் 6 அன்று அந்த நீதிமன்றம் கூறியது. ஆயினும் அவர்களில் மிகப் பெரும்பாலோர் சில வாரங்களிலேயே பணிக்குத் திரும்பினர். சட்டக் கொள்கையில் தோற்ற நிரந்தர ஊழியர் வாரக்கணக்கில் திரும்பினார்; உயர் நீதிமன்றத்தில் வென்ற மக்கள் நலப் பணியாளர் ஆண்டுக்கணக்கில் காத்திருந்தார்.

சட்டத்தின் இரு வழிகள்

இந்த வேறுபாட்டுக்குக் காரணம் சட்டத்தின் அமைப்பிலேயே உள்ளது. அரசின் குடிமைப் பணியில் இருப்பவரை விசாரணையின்றி நீக்குவதை அரசியலமைப்பின் 311-ஆம் கூறு தடுக்கிறது. மதிப்பூதியத்திலும் தினக்கூலியிலும் இருப்போர் பொதுவாக இந்தப் பாதுகாப்பைப் பெறுவதில்லை. அவர்களுக்கு எஞ்சியவை இரண்டு வழிகள். ஒன்று, தொழிலாளர் நீதிமன்றம். மற்றொன்று, உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் ரிட் மனு.

முதல் வழிக்கு அடிப்படை 1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டம். பன்னிரண்டு மாதத்தில் 240 நாட்கள் வேலை செய்த தொழிலாளியை நீக்க வேண்டுமானால் ஒரு மாத முன்னறிவிப்போ அதற்கு ஈடான ஊதியமோ தர வேண்டும். அதோடு, முடித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 15 நாள் சராசரி ஊதியத்தை இழப்பீடாகத் தர வேண்டும் என்று அதன் 25-எஃப் பிரிவு கூறியது. இவற்றைச் செய்யாத ஆட்குறைப்பு சட்டப்படி செல்லாது. 1978-இல் பெங்களூரு குடிநீர் வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் "தொழில்" என்ற சொல்லுக்கு விரிவான பொருள் தந்ததால், குடிநீர் வழங்கல், துப்புரவு போன்ற பொதுப் பணிகளில் இருப்போரும் இச்சட்டத்தை நாட முடிந்தது.

ஒரு கற்பனைக் கணக்கைப் பார்ப்போம். மரக்காணம் பக்கத்து ஊராட்சி ஒன்றில் மேல்நிலைத் தொட்டி இயக்கும் ஆபரேட்டர் நாளொன்றுக்கு 400 ரூபாய் கூலியில் ஆறு ஆண்டுகள் வேலை செய்தார் என்று வைத்துக்கொள்வோம். அவரை முறைப்படி நீக்கியிருந்தால் இழப்பீடு 90 நாள் கூலி, அதாவது 36,000 ரூபாய். முன்னறிவிப்புக்கு ஈடாக ஏறக்குறைய 12,000 ரூபாய். மொத்தம் 48,000 ரூபாய். முறையின்றி வாய்மொழியாக நீக்கி, நான்கு ஆண்டுகள் கழித்து நீதிமன்றம் பாதி ஊதியத்துடன் வேலை தரச் சொன்னால், ஆண்டுக்கு 300 நாள் என்ற கணக்கில் 2,40,000 ரூபாய் தர வேண்டிவரும். அந்தத் தொகை பொதுப்பணத்திலிருந்தே போகும். நீக்கிய அலுவலரின் கையிலிருந்து அல்ல.

ஒப்பந்தக் காலம் தானாக முடிந்தாலும் அது ஆட்குறைப்பே என்ற கருத்து, சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேல்முறையீடாகச் சென்ற பாரத ஸ்டேட் வங்கி எதிர் சுந்தரமணி வழக்கில் 1976-இல் உறுதியானது. ஒன்பது நாட்களுக்கு என்று நியமன ஆணை பெற்ற தற்காலிகக் காசாளரின் வழக்கு அது. அவருக்கு வேலை திரும்பக் கிடைத்தது. ஆனால் நிரந்தரப் பணியாளர் எல்லோருக்கும் கீழே, அதுவரை தற்காலிகப் பணியாளராகவே அவர் கருதப்படுவார் என்ற நிபந்தனையும் உடன் வந்தது.

1984 ஆகஸ்ட் மாதத்தில் இச்சட்டத்தில் இரு மாற்றங்கள் மூன்று நாள் இடைவெளியில் நடைமுறைக்கு வந்தன. ஆகஸ்ட் 18 முதல், ஒப்பந்தம் புதுப்பிக்கப்படாமல் முடிவது ஆட்குறைப்பு ஆகாது என்ற விலக்கு சேர்ந்தது. இதனால் சுந்தரமணி வழக்கு திறந்த கதவு பெரிதும் சாத்தப்பட்டது. ஆகஸ்ட் 21 முதல் 17-பி பிரிவு வந்தது. தொழிலாளர் நீதிமன்றம் வேலை தரச் சொன்ன பின் நிர்வாகம் மேல் நீதிமன்றம் சென்றால், வழக்கு முடியும்வரை கடைசியாகப் பெற்ற ஊதியத்தைத் தொழிலாளிக்குத் தர வேண்டும் என்பது அதன் சாரம். தொழிலாளி தனக்கு வேறு வேலை இல்லை என்று பிரமாணப் பத்திரம் தர வேண்டும்.

மக்கள் நலப் பணியாளர்களுக்கு இந்த 17-பி பயன்படவில்லை. அவர்களின் வழக்கு தொழிலாளர் நீதிமன்றத் தீர்ப்பிலிருந்து எழவில்லை. ரிட் மனுவாகத் தொடங்கியது. எனவே 2014-இல் தடை விதிக்கப்பட்ட பின், வழக்கு நடந்த ஆண்டுகளில் மாத ஊதியம் கேட்க இந்தச் சட்டப் பிரிவு அவர்களுக்குக் கைகொடுக்கவில்லை. எந்த நீதிமன்றத்தின் படியில் முதலில் கால் வைக்கிறோம் என்பதே காத்திருப்புக் கால வருமானத்தைத் தீர்மானித்தது.

இழந்த ஊதியம் எப்படி முடிவாகிறது

பணிநீக்கம் தவறு என்று முடிவானால், நீக்கிய நாள் முதல் மீண்டும் சேரும் நாள் வரையிலான ஊதியத்தைப் பின் ஊதியம் என்பர். 1978-இல் இந்துஸ்தான் டின் ஒர்க்ஸ் வழக்கில், முழுப் பின் ஊதியமே இயல்பான விதி, குறைப்பதற்குத்தான் காரணம் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அந்த வழக்கில் நிறுவனத்தின் நிலையைக் கருதி 75 விழுக்காடு வழங்கப்பட்டது. 2013-இல் தீபாலி குண்டு சுர்வாசே வழக்கு, மகாராட்டிர ஆசிரியை ஒருவருக்கு முழுப் பின் ஊதியம் வழங்கி அந்த விதியைப் புதுப்பித்தது. தனக்கு வேறு வருமானம் இல்லை என்று தொழிலாளி சொன்னால் போதும். இருந்தது என்று மெய்ப்பிக்க வேண்டியது நிர்வாகம் என்று அது தெளிவுபடுத்தியது.

பொதுப்பணியின் தற்காலிகப் பணியாளர்களுக்கு இந்த விதி முழுமையாகக் கிடைக்கவில்லை. 2006 ஏப்ரல் 10 அன்று வெளியான உமாதேவி தீர்ப்பு, முறையான தேர்வின்றிச் சேர்ந்தோர் நீண்டகாலப் பணியை மட்டும் காட்டி நிரந்தரம் கோர முடியாது என்றது. பத்து ஆண்டுகளுக்கு மேல் உரிய பணியிடங்களில் இருந்தோரை ஒருமுறை நடவடிக்கையாக வரன்முறைப்படுத்த அது இடம் தந்தது. அதன் பின் பல வழக்குகளில் தினக்கூலிப் பணியாளருக்கு வேலைக்குப் பதிலாக ஒரே தவணையில் இழப்பீடு தரும் போக்கு வலுத்தது. 2009-இல் ஜக்பீர் சிங் வழக்கில் அந்தத் தொகை 50,000 ரூபாய்.

சான்றுச் சிக்கலும் உண்டு. 240 நாள் வேலை செய்ததை நிறுவும் பொறுப்பு தொழிலாளியுடையது என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. தினக்கூலிப் பணியாளரிடம் நியமன ஆணையோ ஊதியச் சீட்டோ பெரும்பாலும் இருப்பதில்லை. வருகைப் பதிவேடு அலுவலகத்தின் பூட்டிய அலமாரியில் இருக்கும். இந்த நிலையை 2005-இல் எல்லட்டி வழக்கில் அதே நீதிமன்றம் கவனத்தில் கொண்டது. தொழிலாளி சாட்சி சொல்லி, பதிவேட்டைக் கொண்டுவரக் கேட்கலாம் என்று வழி காட்டியது.

அண்மைக் காலம்

அண்மைத் தீர்ப்புகள் இரண்டு இரு வேறு விடைகளைத் தருகின்றன. மத்திய நீர் ஆணைய அலுவலகங்களில் துப்புரவும் தோட்ட வேலையும் செய்து, 2018 அக்டோபர் 27 அன்று நீக்கப்பட்டவர்களின் வழக்கில் (ஜக்கோ எதிர் இந்திய ஒன்றியம்) 2024 டிசம்பர் 20 அன்று தீர்ப்பு வந்தது. அவர்களை உடனே சேர்த்து வரன்முறைப்படுத்த வேண்டும் என்றது நீதிமன்றம். வேலை செய்யாத காலத்துக்குப் பணம் இல்லை. ஆனால் அந்தக் காலம் பணித்தொடர்ச்சியாகக் கணக்கிடப்பட்டு ஓய்வுக்காலப் பலன்களில் சேரும் என்றும் கூறியது. அடுத்த மாதம், 2025 ஜனவரி 31 அன்று, காசியாபாத் மாநகராட்சித் தோட்டப் பணியாளர்களின் வழக்கில் (ஸ்ரீபால்) பணித்தொடர்ச்சியோடு 50 விழுக்காடு பின் ஊதியமும் வழங்கப்பட்டது. உமாதேவி தீர்ப்பை, பல்லாண்டு வேலை வாங்கிவிட்டு உரிமையை மறுக்கும் கேடயமாக நிர்வாகங்கள் பயன்படுத்தக் கூடாது என்பது இவ்விரு தீர்ப்புகளின் பொதுவான கருத்து.

2025 நவம்பர் 21 முதல் தொழில் தகராறுகள் சட்டத்தின் இடத்தில் 2020-ஆம் ஆண்டின் தொழிலுறவுத் தொகுப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்துள்ளது. குறித்த கால வேலைவாய்ப்பு இதில் வெளிப்படையாக ஏற்கப்பட்டுள்ளது. இனி நியமன ஆணையில் எழுதப்படும் கால அளவு முன்னைவிட முக்கியமானதாகும்.

மதிப்பீடு

மேற்கண்ட வழக்குகளில் பணியாளர் இழந்தவை மூன்று: வேலை, இடைக்கால ஊதியம், பணிக்காலம். இவை மூன்றும் ஒன்றாகத் திரும்புவது அரிது. சாலைப் பணியாளருக்கு வேலை திரும்பியது. 41 மாதக் காலத்துக்குக் கோரிக்கை தொடர்ந்தது. ஜக்கோ வழக்கில் வேலையும் காலமும் திரும்பின, பணம் திரும்பவில்லை. காசியாபாத் பணியாளர்களுக்கு வேலையும் காலமும் பாதிப் பணமும் கிடைத்தன. மக்கள் நலப் பணியாளருக்குக் கிடைத்தது புதிய பெயரில் ஒரு மதிப்பூதிய வேலை. மதிப்பூதியம் என்பதால் அதுவும் 1989-இல் தொடங்கிய அதே வகை வேலைதான். அடுத்த ஆட்சி மாற்றத்தைத் தாங்கும் சட்டப் பாதுகாப்பு அதற்கும் தனியாக இல்லை.